மருந்து இன்னும் வரவில்லை

செவ்வாய்க்கிழமை

தங்கைக்கு,

முன்னால் ஒரு ‘அன்புள்ள’ போட வேண்டும். மூன்று நாளாக முயற்சி செய்து பார்த்தேன், பேனா ஓடவில்லை.

நான் நலம். எல்லோரும் கடிதத்தில் இப்படித்தான் எழுதுவார்கள், படிக்கிறவர்களும் கண்ணை ஓட்டிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவார்கள். நீ போகாதே. இன்னொரு தடவை படி. நான் நலம். நேற்று ரத்தம் எடுத்துப் பார்த்த டாக்டரம்மா, “உங்களுக்கு ஒண்ணும் இல்லை, போய் வேலையைப் பாருங்க” என்று சொல்லி அனுப்பிவிட்டார். எட்டு மாதத்துக்கு மேல் தாங்காது என்று கையை விரித்தார்களே, அதே ஆஸ்பத்திரி, அதே நீல பெஞ்ச். நாற்பது நாள், நாற்பது மாத்திரை. அவ்வளவுதான் விஷயம்.

போனில் பேசலாமே என்று நம் பட்டறை பாலிஷ் அண்ணன் சொன்னார். வேண்டாம் என்றேன். போனில் நீ அழுவாய். நீ அழுதால் சின்ன வயதிலிருந்தே எனக்கு என் பக்கத்து நியாயம் மறந்துபோகும். காகிதத்தில் அழுகை கேட்காது.

உனக்குத் தெரிந்த கதைதான், இருந்தாலும் முதலிலிருந்து சொல்கிறேன். வருஷக்கணக்கில் ஒரே வரியைத் திரும்பத் திரும்ப எழுதியவளுக்கு மற்றதெல்லாம் மறந்திருக்கும்.

நம் ரத்தினக் கல் பட்டறைக்கு வந்த, வெட்டாத கச்சாக் கல் மூட்டையில் அந்தக் கல் கிடந்தது. கட்டை விரல் நுனி அளவு, கழுவிய தண்ணீர் நிறம். ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தேன். எந்தக் கல்லாக இருந்தாலும் உள்ளே ஒரு கோடாவது ஓடும். இதில் ஒன்றுமே இல்லை. சரி, விளக்கு வைத்துப் பார்ப்போம் என்று, கல் சோதிக்கிற இருட்டறைக்குள் எடுத்துப் போனேன். நீ வாசலில் உட்கார்ந்தாய். கதவைச் சாத்தினேன், விளக்கின் சுவிட்சைத் தேடிக் கையைக்கூட நீட்டவில்லை, நீ தட்டிவிட்டாய். வெளியே வந்து உன்னைக் கத்தினேன். உனக்கென்ன அவ்வளவு அவசரம், உட்காரக்கூட விடமாட்டாயா என்று. நீ கடிகாரத்தைக் காட்டினாய். முழுதாகக் கால் மணி நேரம் போயிருந்தது.

அப்புறம் நாம் இரண்டு பேரும் பைத்தியம் பிடித்தவர்கள் மாதிரி அதை வைத்து விளையாடினோம். சனிக்கிழமை டீயை அந்தக் கல்லோடு உள்ளே வைத்துப் பூட்டினோம். திங்கட்கிழமை காலை எடுத்து நீ ஒரு வாய் குடித்து நாக்கைச் சுட்டுக்கொண்டாய். பிறகு என் வாட்சை ஒரு வாரம் வைத்தோம். பதினேழு நொடி ஓடியிருந்தது. நீதான் நோட்டில் கணக்குப் போட்டுச் சொன்னாய். வெளியே ஒரு வருஷம் போனால் உள்ளே கால் மணி நேரம். வெளிச்சத்தில் அது வெறும் கல். கதவைச் சாத்தி இருட்டாக்கினால்தான் வேலையைக் காட்டும். வெளியிலிருந்து கதவைத் தட்டினால் உள்ளேயும் நேரம் பழையபடி ஓடும்.

அந்த மாதம்தான் எனக்கு உடம்பில் நீலம் நீலமாகக் கன்றிப்போக ஆரம்பித்தது. ரத்தத்தில் நோய் என்றார்கள். மருந்து ஒன்று தயாராகிக்கொண்டிருக்கிறது, ஆனால் அது வெளியே வரும்வரை நீங்கள் இருக்கமாட்டீர்கள் என்று பெரிய டாக்டர் நாசூக்காகச் சொன்னார். யோசனை என்னுடையது, ஒத்துக்கொள்கிறேன். நான் உள்ளே போய் உட்கார்ந்துவிடுகிறேன், மருந்து வந்ததும் நீ தட்டு என்று சொன்னேன். ஆஸ்பத்திரியில் உன் விலாசத்தைக் கொடுத்து, வந்ததும் தெரியப்படுத்தச் சொன்னோம்.

என் பெண் வாலுவுக்கு அப்போது ஐந்து வயது. முன்பல் ஒன்று ஆடிக்கொண்டிருந்தது, அதை நாக்கால் தள்ளிக்கொண்டே நின்றாள். அவள் அப்பாதான் அவள் தவழ்வதற்கு முன்பே நம்மைக் கைகழுவிவிட்டுப் போனவராயிற்றே. அவளுக்கு என்னை விட்டால் நீ, உன்னை விட்டால் யாரும் இல்லை. நீ என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாய், “மருந்து வந்த அன்னிக்கே தட்டுறேன் அக்கா, ஒரு மணி நேரம்கூட லேட் ஆகாது” என்று. நான் உன்னை நம்பினேனா என்று கேட்டால், நம்புவது நம்பாதது என்று ஒரு யோசனையே எனக்கு வரவில்லை.

உள்ளே இருட்டில் உட்கார்ந்திருந்தேன். பயமாக இல்லை. கொஞ்சம் கால் மரத்துப்போனது. வாலு இப்போது ஒன்றாம் வகுப்பு போயிருப்பாள், இப்போது சைக்கிள் கேட்டு அடம்பிடிப்பாள் என்று நினைத்துக்கொண்டேன். சத்தம் கேட்டதும் நீதான் என்று எழுந்து ஓடினேன். திறந்தால் பாலிஷ் அண்ணன். தலை முழுக்க வெள்ளை. பாலிஷ் சக்கரத்துப் பொடிதான் பறந்து படிந்திருக்கிறது என்று நினைத்து, “தலையைத் தட்டிட்டு வாங்கண்ணே” என்றேன். அவர் சிரிக்கவில்லை. நின்ற இடத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். “பதினோரு வருஷம் ஆச்சும்மா” என்றார்.

தங்கச்சி தட்டச் சொன்னாளா என்று கேட்டேன். “ம்” என்று ஒரு சத்தம் மட்டும் வந்தது. நீயும் வாலுவும் வேறு ஊருக்குப் போய்விட்டீர்கள் என்றார். சரி, பதினோரு வருஷம் ஒரே இடத்தில் உட்கார்ந்திருப்பாயா, வேலைக்காகப் போயிருப்பாய் என்று நானே உனக்காகப் பேசிக்கொண்டேன். மருந்து வர பதினோரு வருஷம் ஆகிவிட்டது, யார் மேல் கோபப்படுவது என்று வாலுவை நினைத்து அழுதுவிட்டு மாத்திரையைப் போட்டுக்கொண்டேன். குணமான பிறகு உனக்கு எழுதலாம், திடீரென்று படித்தால் எப்படிச் சந்தோஷப்படுவாய் என்று நாற்பது நாளும் மனதுக்குள் ஒரு கடிதம் எழுதிக்கொண்டிருந்தேன். அது வேறு கடிதம்.

நேற்று அந்த டாக்டரம்மா என் பழைய ஃபைலைப் பார்த்துவிட்டு, பிறந்த வருஷத்தைத் தப்பாக எழுதியிருக்கிறார்கள் என்று சலித்துக்கொண்டார். நான் சிரித்துக்கொண்டேன். அப்புறம் அவர் கேட்டார், “இந்த மருந்து வந்து ஒன்பது வருஷம் ஆச்சே, இத்தனை நாள் எங்கே போயிருந்தீங்க?”

ஒன்பது வருஷம். அப்போது வாலுவுக்கு ஏழு வயது. அந்த நாற்காலியிலிருந்து நான் எப்படி எழுந்தேன் என்று எனக்கு நினைவில்லை.

நான் தங்கியிருக்கும் பாலிஷ் அண்ணன் வீட்டுக்கு வந்து அவரைக் கேட்டேன். உடம்பு தேறாமல் எதுவும் சொல்லக்கூடாது என்று அண்ணி அவருக்கு வாய்ப்பூட்டுப் போட்டிருந்தாராம். அவர் ஒரு தகரப் பெட்டியைக் கொண்டுவந்து என் மடியில் வைத்தார். உள்ளே நீ எழுதிய எட்டுக் கடிதங்கள்.

நீ ஊரை விட்டுப் போனபின் வருஷத்துக்கு ஒரு தடவை அவர் உனக்கு எழுதிக் கேட்டிருக்கிறார், தட்டலாமா என்று. நீயும் வருஷம் தவறாமல் பதில் போட்டிருக்கிறாய். முதல் கடிதம் ஒரு பக்கம் இருந்தது. ஆராய்ச்சி, தாமதம், பெரிய டாக்டர் மாறிவிட்டார் என்று என்னென்னவோ. அடுத்தது அரைப் பக்கம். நாலாவதிலிருந்து உனக்குப் பழகிவிட்டது போல. ‘மருந்து இன்னும் வரவில்லை. தட்ட வேண்டாம்.’ அவ்வளவுதான், கீழே கையெழுத்து. நன்றாகத்தான் எழுதியிருக்கிறாய், எழுத்தெல்லாம் வரிசையாக நிற்கிறது.

ஆறாவது கடிதத்தை ஏதோ நோட்டிலிருந்து கிழித்த தாளில் எழுதியிருந்தாய். பின்பக்கம் பென்சிலில் பள்ளிக்கூடக் கணக்கு, பாதி அடித்து பாதி எழுதியது. ஏழு என்ற எண்ணுக்கு நடுவில் ஒரு சின்னக் கோடு. அப்படிக் கோடு போடுவது நான். வாலுவுக்கு யார் சொல்லிக் கொடுத்தது? அந்தப் பொய்யைவிட அந்தக் கணக்கைத்தான் நான் அதிக நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அண்ணனை நீ எதுவும் சொல்லக்கூடாது. பட்டறை வழக்கம் உனக்குத் தெரியும். இருட்டறைக்குள் போகிறவர் யார் பெயரைச் சொல்லிவிட்டுப் போகிறாரோ அவர்தான் வாசல் ஆள். அவர்தான் தட்ட வேண்டும், முதலாளியே வந்தாலும் கதவில் கை வைக்கக்கூடாது. முன்பு ஒரு முதலாளி பொறுமை இல்லாமல் கதவை இடித்து, உள்ளே இருந்தவர் கை நழுவி, பெரிய கல் இரண்டாகப் போன கதையைச் சொல்லிச் சொல்லித்தானே நம்மை வளர்த்தார்கள். நான் சொன்ன பெயர் உன் பெயர். அதனால் அந்த மனுஷன் கதவு முன்னால் ஒரு பெஞ்சைப் போட்டு, கேட்டவர்களிடமெல்லாம் “உள்ளே ஆள் இருக்காங்க” என்று பதினோரு வருஷம் சொல்லியிருக்கிறார். அவருக்குச் சக்கரமும் கல்லும்தான் உலகம், மருந்து வந்ததும் வராததும் அவருக்கு எப்படித் தெரியும்?

இந்த வருஷம் அண்ணிக்கு அதே நோய் வந்தது. அதே மாதிரி நீலம். மருந்துக் கடையில் மாத்திரையை வாங்கும்போது, இது புதிதாக வந்ததா என்று அண்ணன் கேட்டிருக்கிறார். “பழசுங்க, அட்டைப் பெட்டியையே மூணு தடவை மாத்திட்டாங்க” என்று கடைக்காரர் சொல்லியிருக்கிறார். அண்ணிக்குப் பத்து நாளில் கன்றல் மறைந்ததைக் கண்ணால் பார்த்த பிறகு, அதே மாத்திரை இன்னொரு பெட்டி வாங்கிக்கொண்டு நேராகப் பட்டறைக்கு வந்தாராம். பெஞ்சை நகர்த்திவிட்டு, நான் வாசல் ஆள் இல்லையே என்று ஒரு மணி நேரம் கதவைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாராம். அப்புறம்தான் தட்டினார். வேற்று மனுஷனுக்கு ஒரு மணி நேரம் ஆனது. கூடப் பிறந்தவளுக்கு ஒன்பது வருஷம் போதவில்லை.

நம்ப வைத்துக் கழுத்தை அறுத்துவிட்டாய். இதை வேறு எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

கேள்வி இரண்டே இரண்டு. ஏன் செய்தாய்? வாலுவிடம் என்னைப் பற்றி என்ன சொல்லி வைத்திருக்கிறாய்? அந்தப் பல் எப்போது விழுந்தது என்றும் எழுது.

உன் அக்கா
(எனக்கு முப்பது, உனக்கு இப்போது முப்பத்தேழு. இனிமேல் யார் யாருக்கு அக்கா என்று நீயே முடிவு செய்துகொள்.)


சனிக்கிழமை

தங்கைக்கு,

உன் பதினான்கு பக்கமும் வந்தது. இரண்டு தடவை படித்தேன். அண்ணி மூன்றாவது தடவை படிக்க விடாமல் வாங்கி வைத்துக்கொண்டார்.

பல் நான் உள்ளே போன மறுநாளே விழுந்துவிட்டது என்று எழுதியிருக்கிறாய். அம்மா வந்ததும் காட்ட வேண்டும் என்று தீப்பெட்டியில் போட்டு வைத்திருந்தாளாம். எவ்வளவு நாள் வைத்திருந்தாள் என்று நீ எழுதவில்லை. எழுதாததே நல்லது.

நீ எழுதியதை நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று பார். ஆஸ்பத்திரியிலிருந்து தகவல் வந்த அன்றே வாலுவைக் கூட்டிக்கொண்டு பட்டறைக்கு வந்தாய். கதவு முன்னால் நின்று கையைத் தூக்கினாய். அப்போது அவள் உன் சட்டையைப் பிடித்து இழுத்து, “உள்ளே யாரும்மா?” என்று கேட்டாள். அந்த ‘ம்மா’வைக் கேட்டதும் கை கீழே இறங்கிவிட்டது. நாளைக்கு வரலாம் என்று திரும்பிவிட்டாய். நாளைக்கு வரவில்லை. அப்புறம் அவளுக்குப் பரீட்சை, அப்புறம் அம்மை போட்டது, அப்புறம் வேறு ஊர், புதுப் பள்ளிக்கூடம். ஒவ்வொரு வருஷமும் இந்த ஒரு வருஷம் மட்டும் என்று நினைத்தாயாம். எனக்கு என்ன, உள்ளே கால் மணி நேரம்தானே என்று சமாதானம் செய்துகொண்டாயாம்.

நீ பட்ட பாட்டையும் எழுதியிருக்கிறாய். பொய் என்று சொல்லமாட்டேன். உன்னைக் கல்யாணம் செய்துகொள்ளக் கேட்ட மனுஷனிடம் எனக்கு ஒரு பெண் இருக்கிறாள் என்று சொல்லி அனுப்பியிருக்கிறாய். ராத்திரி பகல் பார்க்காமல் வேலை செய்து அவளைப் படிக்க வைத்திருக்கிறாய். அதற்காக உன் காலில் விழுந்து கும்பிட்டிருப்பேன், நிஜமாகத்தான் சொல்கிறேன், அன்றைக்கே தட்டியிருந்தால். நாம் மூன்று பேரும் ஒரே வீட்டில் இருந்திருப்போம். உன்னை அவள் ‘அம்மா’ என்று கூப்பிட்டால் நான் வேண்டாம் என்றா சொல்லியிருப்பேன்? இரண்டு அம்மா இருந்தால் வீடு இடிந்தா போய்விடும்? உனக்கு முழுசாக வேண்டியிருந்தது. அதைப் பதினான்கு பக்கத்தில் ஓர் இடத்திலாவது எழுதியிருக்கலாம்.

இரண்டாவது கேள்விக்குப் பதில் எட்டாவது பக்கத்தில் ஒளிந்துகொண்டிருந்தது. அவளுக்கு ஒரு பெரியம்மா இருந்தாள், நோயில் போய்விட்டாள். அந்தப் பெரியம்மா நான். ஐந்து வயதுக்கு முன்னால் நடந்தது அவளுக்கு மங்கலாகத்தான் நினைவிருக்கிறது, கேட்டால் மாற்றிச் சொல்லிவிடுவேன் என்று எழுதியிருக்கிறாய். வாய் கூசாமல் சொல்லியிருப்பாய். ஆக, என் பெண்ணுக்கு நான் செத்துப்போன பெரியம்மா. இப்போது நான் உயிரோடு வருவதென்றால், பார்க்க உன்னைவிடச் சின்னவளாக இருப்பதால், சித்தி என்று சொல்லிக் கூட்டிப் போகிறாயாம். பெரியம்மா ஆகலாம், சித்தி ஆகலாம். அம்மாவைத் தவிர எல்லா உறவும் தாராளமாகக் கொடுக்கிறாய்.

இதுவரைக்கும்கூட நான் பொறுத்துக்கொண்டேன். கடைசிப் பக்கத்தை நீ எழுதியிருக்கக் கூடாது.

அவளுக்கு அடுத்த வருஷம் பெரிய பரீட்சை. இப்போது இதெல்லாம் தெரிந்தால் படிப்பு போய்விடும். அதனால், ‘நீ இன்னும் ஒரு வருஷம் மட்டும் அந்த அறைக்குள் இருக்க முடியுமா அக்கா? உனக்குக் கால் மணி நேரம்தானே’ என்று கேட்டிருக்கிறாய். எப்படிக் கேட்க முடிந்தது உனக்கு? நோய் என்று உள்ளே போனேன், அதில் ஒரு நியாயம் இருந்தது. இப்போது நல்ல உடம்போடு இருப்பவளை, உனக்கு இடைஞ்சல் என்று அலமாரிக்குள் எடுத்து வைப்பது மாதிரி வைக்கப் பார்க்கிறாய். ஒன்பது வருஷத்தை எடுத்தபோதாவது உனக்குப் பயம் இருந்தது, என்னைக் கேட்கவில்லை. இந்த ஒரு வருஷத்தை என்னிடமே கேட்கிறாய்.

உண்மையைச் சொல்கிறேன், கோபம் உன் மேல் மட்டும் இல்லை. அந்தப் பக்கத்தைப் படித்ததும் எழுந்து பட்டறைக்குப் போனேன். கல்லைக் கையில் வைத்துக்கொண்டு இருட்டறை வாசலில் நின்றேன். அவள் பரீட்சை கெட்டுப்போகக் கூடாதே, கால் மணி நேரம்தானே என்று எனக்கும் தோன்றியது. ஒரு காலை உள்ளேகூட வைத்துவிட்டேன். அப்போதுதான் புரிந்தது, நீ ஒவ்வொரு வருஷமும் இப்படித்தான் நின்றிருப்பாய். புரிந்ததால் உன்மேல் இரக்கம் வரவில்லை, என்மேல் எரிச்சல்தான் வந்தது.

நேராகப் பாலிஷ் அண்ணனிடம் போய் அதைச் சக்கரத்தில் வைத்து அரைத்துவிடச் சொன்னேன். அவர் தயங்கினார். பதினோரு வருஷமாக வந்த ஒவ்வொரு மூட்டையிலும் தேடிப் பார்த்திருக்கிறார், இந்த மாதிரி இன்னொன்று வந்ததில்லை. “எத்தனையோ பேருக்கு உதவுமேம்மா” என்றார். உதவும் அண்ணே, வாசலில் உட்கார நல்ல ஆள் கிடைத்தால் உதவும், எனக்குக் கிடைத்தது என் தங்கச்சி என்று சொன்னேன். அவர் கல்லை வாங்கிச் சக்கரத்தில் வைத்தார்.

அரைக்க முழு மத்தியானம் ஆனது. கல் சின்னதாக ஆக ஆக, வெளிச்சத்திலேயே சுவர்க் கடிகாரத்தின் முள் நிற்பதும் ஓடுவதுமாக இருந்தது. ஒரு கட்டத்தில் சக்கரத்திலிருந்து தெறித்த தண்ணீர்த் துளி என் முகத்துக்கு நேராக அந்தரத்தில் நின்றுவிட்டு, அப்புறம் மெதுவாக விழுந்தது. கடைசியில் சாம்பல் நிறச் சேறாகக் கொஞ்சம் மிஞ்சியது. நானே வாளித் தண்ணீர் ஊற்றிச் சாக்கடையில் கழுவிவிட்டேன். இனிமேல் நீ என்னிடம் கால் மணி நேரம் கேட்க முடியாது.

கடிதத்தோடு அவள் போட்டோவை வைத்தது நீ செய்த ஒரே நல்ல காரியம். மூக்கு என்னுடையது. ஒரு பக்கம் சாய்ந்து இடுப்பில் கை வைத்து நிற்கிறாளே, அது நீ. பார்த்ததும் சிரிப்பு வந்துவிட்டது, அப்புறம் என்னால் உட்கார முடியவில்லை.

அக்கா


வியாழக்கிழமை

தங்கைக்கு,

இந்தக் கடிதத்தின் மேல் இருக்கும் தபால் முத்திரையைப் பார்த்திருப்பாய். உன் ஊர் முத்திரைதான். உன் தெருவிலிருந்து மூன்று பஸ் நிறுத்தம் தள்ளி ஒரு லாட்ஜில் இருக்கிறேன். ஜன்னலைத் திறந்தால் பக்கத்துச் சுவர், மூடினால் கொசு, அதைத் தவிர குறை ஒன்றும் இல்லை. பாலிஷ் அண்ணன் கூட வருகிறேன் என்று கிளம்பினார், நான்தான் வேண்டாம் என்றேன்.

நேற்று சாயங்காலம் அவள் பள்ளிக்கூட வாசலுக்கு வந்தேன். உன்னிடம் கேட்கவில்லை, கேட்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவும் இல்லை. மழை தூறிக்கொண்டிருந்தது. எதிர்ப்பக்கம் ஒரு ஜெராக்ஸ் கடை இருக்கிறதல்லவா, அதன் படியில் நின்றுகொண்டேன். பெல் அடித்து எல்லாப் பிள்ளைகளும் வெளியே வந்தார்கள். எப்படிக் கண்டுபிடிப்பேனோ என்று பயந்தேன். பயந்திருக்க வேண்டியதில்லை. இரண்டு தோழிகளோடு சத்தமாக வாயாடிக்கொண்டே அந்தக் கடைக்குத்தான் ஓடி வந்தாள். அவள் பை என் கையில் இடித்தது. திரும்பி, “சாரிக்கா” என்றாள்.

பரவாயில்லை என்று சொன்னேன். என் பெண்ணோடு பதினோரு வருஷம் கழித்து நான் பேசிய முதல் வார்த்தை அது. தோள்வரைக்கும் வருவாள் என்று நினைத்திருந்தேன், என்னைவிட உயரமாக இருக்கிறாள். எதையோ நகல் எடுத்து நனையாமல் சட்டைக்குள் வைத்துக்கொண்டு படியிறங்கிப் போனாள்.

அப்புறம், “அம்மா” என்று கத்தினாள். நான் திரும்பிவிட்டேன். என்னால் திரும்பாமல் இருக்க முடியவில்லை. அவள் கையைத் தூக்கி ஆட்டியது சாலைக்கு அந்தப் பக்கம். நீ குடையோடு நின்றுகொண்டிருந்தாய். நீ என்னைப் பார்க்கவில்லை, ஜெராக்ஸ் கடைக்காரர் மட்டும்தான் பார்த்தார். யாரையாவது தேடுறீங்களா என்று கேட்டார். இல்லை என்றேன்.

உன்னையும் நன்றாகப் பார்த்தேன். வகிட்டுப் பக்கம் நரைத்துவிட்டது. கண்ணாடி போட்டிருக்கிறாய். உன்னைக் கண்டால் பாய்ந்து போய் நாலு வார்த்தை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்க வேண்டும் என்று ரயில் முழுக்க ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்தேன். அவள் குடைக்குள் வரமாட்டேன் என்று உன்னோடு சண்டை போட்டாள். நீ அவளைத் திட்டிக்கொண்டே குடையை அவள் பக்கம் முழுக்கச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு, ஒரு தோள் நனைய நனைய நடந்தாய். தெருமுனை வரை போவதற்குள் அவள் உன் கையைக் கோத்துக்கொண்டாள். என் ஒத்திகை எல்லாம் வீணாகப் போய்விட்டது.

உடனே மன்னித்துவிட்டேன் என்று நினைத்துவிடாதே. அந்தப் படியில் நின்றபோது எனக்கு வயிறு எரிந்தது. அவள் கோத்துக்கொண்ட கை என்னுடையதாக இருந்திருக்க வேண்டும். ஏழு வயதிலிருந்து நான் பார்த்திருக்க வேண்டியதை எல்லாம் நீ ஒருத்தியே பார்த்தாய், அதை நீ எந்தக் காலத்திலும் எனக்குத் திருப்பித் தர முடியாது. இனி உன்னிடம் ஒரு டீ வாங்கிக் குடித்தால்கூட, அதைக் கையில் வாங்குவதற்கு முன்னால் ஒரு நொடி உன் முகத்தைப் பார்ப்பேன். நம் இரண்டு பேருக்கும் நடுவில் அப்படி ஒரு நொடி இருந்ததே இல்லை. இப்போது வந்துவிட்டது.

ஆனால் அதெல்லாம் நமக்குள். அவள் விஷயம் வேறு.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு உன் வீட்டுக்கு வருகிறேன். பெரியம்மாவாக இல்லை, சித்தியாகவும் இல்லை. இது நாளைக்குக் காலையில் உன் கைக்கு வந்துவிடும் என்று தபால் ஆபீஸில் சொன்னார்கள். உனக்கு இரண்டு நாள் இருக்கிறது. அதற்குள் அவளைப் பக்கத்தில் உட்கார வைத்து எல்லாவற்றையும் சொல்லிவிடு. மருந்து எப்போது வந்தது என்பதையும் சேர்த்துச் சொல். பாதியை மறைத்தால் பின்னால் தெரியும்போது அது உன் தலையில்தான் விழும். பரீட்சையைப் பற்றிக் கவலைப்படாதே, என்னைப் போல மூக்கு உள்ளவள் ஒரு பரீட்சைக்கெல்லாம் உடைந்துபோகமாட்டாள்.

நீயே வந்து சொல்லேன் அக்கா என்று கேட்பாய். எனக்குச் சொல்ல வரும். நன்றாகவே வரும். நீ எழுதிய எட்டுக் கடிதத்தையும் அவள் முன்னால் வரிசையாக வைத்தால் போதும், ஒரு வார்த்தை பேச வேண்டாம். அதற்குத்தான் அவற்றைப் பையில் போட்டு எடுத்து வந்தேன். இன்று காலை லாட்ஜ் பின்புறம் கொண்டுபோய் ஒவ்வொன்றாகக் கொளுத்திவிட்டேன். பாலிஷ் அண்ணனிடமும் யாரிடமும் பேச வேண்டாம் என்று சொல்லிவிட்டுத்தான் வந்திருக்கிறேன். இப்போது உன்னைப் பிடித்துக்கொடுக்க என்னிடம் ஒன்றும் இல்லை. நீயாகச் சொன்னால்தான் உண்டு.

நீ சொன்னால் அவள் கத்துவாள். கதவைச் சாத்திக்கொள்வாள், இரண்டு நாள் சாப்பிடமாட்டாள், உன்னை என்னென்னவோ பேசுவாள். அப்புறம் உன்னிடம்தான் வருவாள். என் வாயால் கேட்டால் வரமாட்டாள். உன்னையும் விட்டுவிட்டால் அவள் யாரிடம் போவாள்? நான் அவளுக்குக் கடையில் பை இடித்த ஒரு அக்கா, அவ்வளவுதான்.

ஐந்து வயதுப் பிள்ளையை ஒரு தடவை அம்மா இல்லாமல் நிறுத்திவிட்டுப் போனவள் நான். மறுபடியும் என் கையால் அதைச் செய்ய எனக்கு மனசு வரவில்லையடி. அதற்காகத்தான் உன்னிடம் கெஞ்சுகிறேன். என்னைப் பார்த்துச் செய்ய வேண்டாம். அவளுக்காக, அவளுடைய அம்மாவாக இருந்து, நீயே சொல்லிவிடு.

நீயும் அவளும் நன்றாக இருக்க வேண்டும்.

அக்கா